முடியவில்லையா, மனமில்லையா?



பிழைப்புக்காக ஊரையும் உறவையும் விட்டு இந்த மராட்டிய மண்ணுக்கு வந்த நாம், பெட்டி படுக்கையோடு சில சொற்களையும் கொண்டுவந்தோம். அவற்றில் ஒன்று "தலையெழுத்து". பிள்ளை படிக்கவில்லையா, தலையெழுத்து. ஒப்பந்த வேலை பாதியில் போய்விட்டதா, தலையெழுத்து. ஆனால் அதே வாயினால் "மனமுண்டானால் மார்க்கமுண்டு" என்றும் சொல்லுகிறோம். "விதியை மதியால் வெல்லலாம்" என்று பிள்ளைகளுக்குப் புத்தி சொல்லுகிறோம். எல்லாம் முன்னமே எழுதப்பட்டுவிட்டது என்பதும், எல்லாம் உன் கையில்தான் இருக்கிறது என்பதும் ஒரே வீட்டில், ஒரே நாளில், ஒரே நாவிலிருந்து புறப்படுகின்றன.

இது தமிழருக்குப் புதிய குழப்பமல்ல. திருக்குறளில் 38-ஆம் அதிகாரம் ஊழின் வலிமையைப் பேசுகிறது. 62-ஆம் அதிகாரமாகிய ஆள்வினையுடைமையோ மனித முயற்சியின் வலிமையைப் பேசுகிறது. வைணவ ஆசாரியர்களும் இதைக் குறித்து நெடுங்காலம் வாதிட்டார்கள். தாயைத் தானே இறுகப் பற்றிக்கொள்ளும் குரங்குக்குட்டியைப்போல மனிதன் இறைவனைப் பற்றவேண்டும் என்றனர் வடகலையார். தாய் தன் வாயால் கவ்வித் தூக்கிச் செல்லும் பூனைக்குட்டியைப்போல அவன் சும்மா இருந்தால் போதும் என்றனர் தென்கலையார்.

நாம் இரட்சிக்கப்பட்டு சபைக்குள் வந்தபின்பு இந்தக் கேள்வி நம்மை விட்டுப் போய்விட்டதா? இல்லை. அது வேதப்புத்தகத்தைக் கையில் எடுத்துக்கொண்டு நம்மோடு சபைக்குள் வந்து உட்கார்ந்துகொண்டது. ரோமர் 9-ஆம் அதிகாரத்தை வாசிக்கிறவன் எல்லாம் தேவனுடைய தெரிந்துகொள்ளுதலே என்று சொல்லுகிறான். வெளிப்படுத்தின விசேஷம் 22:17-ஐ வாசிக்கிறவனோ, விருப்பமுள்ள எவனும் வரலாம் என்று எழுதியிருக்கிறதே என்கிறான். இருவரும் வேதத்தைத்தான் வாசிக்கிறார்கள்.

ஒரு தாயின் கேள்வி

சென்ற ஆண்டு ஒரு விதவைத் தாயார் என்னைக் காண வந்தார்கள். அடையாளம் தெரியாதிருக்கச் சில விவரங்களை மாற்றி எழுதுகிறேன். அவர்கள் கணவர் பல ஆண்டுகளுக்கு முன் திருநெல்வேலிப் பக்கமிருந்து வந்து தேஹு ரோட்டில் குடியேறி, உழைத்து, இரண்டு ஆண்பிள்ளைகளை வளர்த்துவிட்டுக் காலமானவர். மூத்த மகன் போசரியில் ஒரு பட்டறையில் லேத் வேலை செய்கிறான். நல்ல கைத்தொழில்காரன், ஆனால் குடிக்கு அடிமை. இளையவன் ஹிஞ்சவாடியில் கணினி நிறுவனத்தில் வேலை செய்கிறான். வேதத்தை ஆழமாகப் படிக்க வேண்டும் என்ற தாகம் உள்ள பிள்ளை. அலுவலகத்துக்குப் போகும் பேருந்தில் காதில் கருவியை மாட்டிக்கொண்டு, வெளிநாட்டுக் கால்வினியப் போதகர்களின் பிரசங்கங்களைக் கேட்பது அவன் வழக்கம்.

அந்தத் தாயார் வெள்ளிக்கிழமைதோறும் மூத்த மகனுக்காக உபவாசித்து ஜெபிக்கிறவர்கள். ஒரு வெள்ளிக்கிழமை இளையவன், "அம்மா, அண்ணனைத் தேவன் தெரிந்துகொண்டிருந்தால் அவர் தாமே இழுத்துக்கொள்வார். தெரிந்துகொள்ளாவிட்டால் நீங்கள் பட்டினி கிடந்து என்ன பிரயோஜனம்?" என்று கேட்டுவிட்டான். மூத்தவனும் அதைக் கேட்டுக்கொண்டிருந்தான். அவனுக்கு அது வசதியாகப் போயிற்று. "தம்பியே சொல்லிவிட்டான். என்னால் முடியாது என்று கடவுளுக்கே தெரியும், என்னை விட்டுவிடுங்கள்" என்று சொல்லிவிட்டுப் புறப்பட்டுப்போனான்.

"ஐயா, என் மூத்தவன் தெரிந்துகொள்ளப்படாத பிள்ளையா? நான் யாருக்காக இத்தனை வருஷம் முழங்காலில் நின்றேன்?" என்று அந்தத் தாயார் என்னிடம் கேட்டார்கள்.

அன்பானவர்களே, உபதேசம் புத்தக அலமாரியில் இருக்கும்வரை யாரையும் காயப்படுத்துவதில்லை. அது சமையலறைக்குள் வரும்போதுதான் ஒரு தாயின் வயிற்றைக் கலக்குகிறது. அன்று அவர்களோடு ஜெபித்து, ஜெபத்தை நிறுத்தவேண்டாம் என்று சொல்லி அனுப்பினேன். பின்பு, வேதாகமக் கல்லூரியில் நாங்கள் படித்த ஒரு மனிதரின் எழுத்துக்களை மறுபடியும் எடுத்து வாசித்தேன். இளையவன் கேட்கிற போதகர்கள் அடிக்கடி சொல்லும் பெயர்தான் அது: ஜோனத்தன் எட்வர்ட்ஸ். அவர் உண்மையில் என்ன சொன்னார் என்பதை அவனும் அறியவேண்டும், நாமும் அறியவேண்டும் என்று எண்ணினேன்.

நார்த்தாம்ப்டன் ஊரின் போதகர்

ஜோனத்தன் எட்வர்ட்ஸ் 1703-ஆம் ஆண்டு அக்டோபர் 5-ஆம் தேதி அமெரிக்காவின் கனெக்டிகட் பகுதியில் ஒரு போதகரின் மகனாகப் பிறந்தார். பத்துச் சகோதரிகளுக்கு நடுவே அவர் ஒரே ஆண்பிள்ளை. ஏறக்குறைய 13 வயதில் யேல் கல்லூரியில் சேர்ந்தார். இளமையில் தேவனுடைய சர்வ ஆளுகை என்ற உபதேசம் அவருக்குக் கசப்பாயிருந்தது. தமக்குச் சித்தமானவர்களைத் தேவன் தெரிந்துகொள்ளுகிறார் என்பதை அவரால் ஏற்க முடியவில்லை. 1721-ஆம் ஆண்டில் 1 தீமோத்தேயு 1:17-ஐ வாசித்துக்கொண்டிருந்தபோது, அழிவில்லாத ராஜாவாகிய தேவனுடைய மகிமையைக் குறித்த ஓர் இனிமையான உணர்வு அவருக்குள் பாய்ந்தது. கசந்தது தித்தித்தது.

1727-இல் மாசசூசெட்ஸிலுள்ள நார்த்தாம்ப்டன் சபையில் தம் தாத்தாவுக்கு உதவிப் போதகரானார். அதே ஆண்டில் சாரா பியர்பாண்ட் அம்மையாரை மணந்தார். தேவன் அவர்களுக்குப் பதினொரு பிள்ளைகளைத் தந்தார். 1734-35-ஆம் ஆண்டுகளில் அந்தச் சிற்றூரில் பெரிய எழுப்புதல் உண்டாயிற்று. அதைக் குறித்து அவர் எழுதிய விவரம் கடல் கடந்து சென்றது. 1738-இல் ஜான் வெஸ்லி லண்டனிலிருந்து ஆக்ஸ்போர்டுக்கு நடந்து போகையில் அதை வாசித்து, இது கர்த்தருடைய செயல் என்று வியந்தார். 1741 ஜூலை 8-ஆம் தேதி என்ஃபீல்டு என்னும் ஊரில் எட்வர்ட்ஸ் பிரசங்கித்தபோது ஜனங்கள் கதறி அழுததினால் பிரசங்கத்தை நிறுத்தவேண்டியதாயிற்று. 1742-இல் அவருடைய மனைவி சாராவே பல நாட்கள் தேவபிரசன்னத்தினால் நிறைந்து, சரீர பெலன் இழக்குமளவுக்குப் பரவசமடைந்தார். ஆவியானவரின் அசைவை அறிந்த நமக்கு இவை அந்நியமான காரியங்கள் அல்ல.

ஆனால் எழுப்புதலின் நிழலையும் அவர் கண்டார். 1735-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில் அவருடைய தாயின் சகோதரியின் கணவர், தம் ஆத்துமாவைக் குறித்த அவநம்பிக்கையில் மூழ்கித் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். "நான் தெரிந்துகொள்ளப்பட்டவன்தானா?" என்ற கேள்வி ஒரு மனிதனை எவ்வளவு ஆழத்துக்கு இழுக்கக்கூடும் என்பதை எட்வர்ட்ஸ் தம் சொந்தக் குடும்பத்திலேயே கண்டார். அந்தத் தாயாரின் கேள்வியை நான் சாதாரணமாக எடுத்துக்கொள்ளாததற்கு இதுவும் ஒரு காரணம்.

1750-ஆம் ஆண்டு ஜூன் மாதத்தில், 23 ஆண்டுகள் ஊழியம் செய்த சபை அவரை நீக்கிவிட்டது. மெய்யான விசுவாசத்தை அறிக்கை செய்கிறவர்களே திருவிருந்தில் பங்குபெறவேண்டும் என்று அவர் உறுதியாய் நின்றதே முக்கியமான காரணம். பெரிய குடும்பத்தோடு, 46 வயதில் வேலையிழந்த அவர், 1751-இல் எல்லைப்புறக் கிராமமாகிய ஸ்டாக்பிரிட்ஜுக்குப் போய், அங்கிருந்த மொஹிக்கன் பழங்குடியினருக்கு மொழிபெயர்ப்பாளரின் உதவியோடு எளிய முறையில் பிரசங்கித்தார். இடம்பெயர்ந்த வாழ்க்கை என்னவென்பது அந்த வீட்டுக்கும் தெரியும். அங்கே இருந்துதான் மனித சித்தத்தின் சுயாதீனத்தைக் குறித்த தம் பெரிய நூலை எழுதி 1754-இல் வெளியிட்டார்.

சித்தம் என்பது என்ன?

அந்த நூலின் சாரத்தை எளிமையாகச் சொல்ல முயலுகிறேன்; சற்றுப் பொறுமையாய் வாசியுங்கள்.

மனித சித்தம் தன்னைத்தானே தீர்மானித்துக்கொள்ளும் வல்லமை உடையது, அதற்கு வேறு காரணம் வேண்டியதில்லை என்று அக்காலத்தில் பலர் போதித்தார்கள். எட்வர்ட்ஸ் அவர்களிடம் ஒரு கேள்வி கேட்டார். நீங்கள் ஒன்றைத் தெரிந்தெடுக்கிறீர்கள். அந்தத் தெரிவை எது தீர்மானித்தது? அதற்கு முந்தின ஒரு தெரிவு என்றால், அந்த முந்தினதை எது தீர்மானித்தது? அதற்கும் முந்தின ஒன்றா? இப்படியே போனால் முடிவே இல்லை. எங்காவது நிறுத்தினால், அந்த முதல் தெரிவு வேறொரு தெரிவினால் உண்டானதல்ல என்று ஒப்புக்கொள்ளவேண்டும்.

ஆகவே சித்தம் ஆகாயத்தில் தொங்குகிற தராசு அல்ல. அது இருதயத்தின் கை. இருதயம் எதை அதிகமாய் விரும்புகிறதோ அதை அந்தக் கை எடுக்கிறது. சம்பள நாளன்று பட்டறையை விட்டு வருகிறவனுக்கு இரண்டு வழிகள் உண்டு. ஒரு வழி வீட்டுக்கு, மறு வழி மதுக்கடைக்கு. அவனை யாரும் கழுத்தைப் பிடித்துத் தள்ளவில்லை. அந்த நேரத்தில் எது அவனுக்கு அதிக நன்மையாய்த் தோன்றுகிறதோ அந்தப் பக்கம் அவன் கால் போகிறது. தான் விரும்பினதைச் செய்யத் தடையில்லாதவன் சுயாதீனன் என்பதே எட்வர்ட்ஸ் தரும் விளக்கம். அப்படியானால் அவன் சுயாதீனமாகத்தான் போகிறான். ஆனால் அவன் விருப்பமே சிறைப்பட்டிருக்கிறது.

எரேமியா 13:23 இதைத்தான் சொல்லுகிறது. எத்தியோப்பியன் தன் தோலையும் சிவிங்கி தன் புள்ளிகளையும் மாற்ற முடியாததுபோல, தீமை செய்யப் பழகினவர்கள் நன்மை செய்ய முடியாது என்று தீர்க்கதரிசி புலம்புகிறார். பழகினவர்கள் என்ற சொல்லைக் கவனியுங்கள். பழக்கம் இருதயத்தின் சாய்வாகிவிட்டது.

இரண்டு கைதிகள்

அப்படியானால், "என்னால் முடியாது" என்று மூத்தவன் சொன்னது சரிதானே என்று நீங்கள் கேட்கலாம். இங்கேதான் எட்வர்ட்ஸ் ஒரு முக்கியமான வேறுபாட்டைக் காட்டுகிறார். முடியாமை இரண்டு வகை என்கிறார். ஒன்று இயற்கையான முடியாமை. மற்றொன்று ஒழுக்கம் சார்ந்த முடியாமை.

இதற்கு அவர் இரண்டு கைதிகளை உவமையாகக் காட்டுகிறார். ஒருவன் சங்கிலியால் கட்டப்பட்டிருக்கிறான். வெளியே வந்தால் மன்னிப்பு என்று ராஜா அழைக்கிறார். வர அவனுக்கு ஆசை, ஆனால் சங்கிலி விடவில்லை. மற்றவனுக்குச் சங்கிலி கழற்றப்பட்டாயிற்று, கதவு திறந்தாயிற்று. ஆனால் ராஜாவின்மேல் உள்ள பகையினாலும் பெருமையினாலும் அவன் வர மறுக்கிறான். இருவரும் வெளியே வரவில்லை. ஆனால் முதலாமவன் பரிதாபத்துக்குரியவன், இரண்டாமவனோ குற்றவாளி. முதலாமவனுக்கு முடியவில்லை, இரண்டாமவனுக்கு மனமில்லை.

பாவி கிறிஸ்துவண்டை வரமுடியாதிருப்பது இந்த இரண்டாம் வகை என்றார் எட்வர்ட்ஸ். யோவான் 6:44-இல், பிதா இழுத்துக்கொள்ளாவிட்டால் ஒருவனும் தம்மிடத்தில் வரமாட்டான் என்ற ஆண்டவர், மத்தேயு 23:37-இல் எருசலேமைப் பார்த்து, தாம் சேர்த்துக்கொள்ள மனதாயிருந்தும் அவர்களுக்கு மனமில்லாமற் போயிற்றே என்று கலங்குகிறார். முடியாமையின் வேர் மனமின்மை. ஆகவே அது சாக்குப்போக்கு ஆகாது. "எனக்குத் திருட்டுப் புத்தி அதிகம், அதனால் திருடாமல் இருக்க முடியவில்லை, ஆகவே என்னை விட்டுவிடுங்கள்" என்று ஒருவன் நீதிமன்றத்தில் சொன்னால், எந்த நீதிபதி விடுவார்?

வெஸ்லியும் நாமும்

எட்வர்ட்ஸ் சொன்ன எல்லாவற்றையும் நான் ஏற்றுக்கொள்ளுகிறேன் என்று நினைக்கவேண்டாம். ஆவிக்குரிய சபைகளாகிய நாம் பெரும்பாலும் வெஸ்லியின் வழியில் வந்தவர்கள். எட்வர்ட்ஸின் எழுப்புதல் விவரத்தை வியந்து வாசித்த அதே வெஸ்லி, 1774-இல் எழுதிய ஒரு சிறு நூலில், மனித செயல்கள் யாவும் தவிர்க்கமுடியாதபடி தீர்மானிக்கப்பட்டவை என்ற கருத்தை எதிர்த்தார்; எட்வர்ட்ஸின் வாதத்தையும் மறுத்தார். விழுந்துபோன மனிதன் தன் சொந்த பெலத்தினால் தேவனைத் தேடமுடியாது என்பதில் வெஸ்லிக்கும் எட்வர்ட்ஸுக்கும் பேதமில்லை. ஆனால் தேவன் ஒவ்வொரு மனிதனுக்கும் முந்திச்செல்லும் கிருபையை அளித்து, மறுமொழி சொல்லும் திராணியைத் திரும்பத் தருகிறார் என்றார் வெஸ்லி. அந்தக் கிருபையை எதிர்த்து நிற்கவும் மனிதனால் கூடும் என்றார். நானும் அப்படியே விசுவாசிக்கிறேன்.

எட்வர்ட்ஸின் வாதத்தில் அவிழாத ஒரு முடிச்சும் உண்டு. ஒவ்வொரு தெரிவும் இருதயத்தின் சாய்விலிருந்தே வருகிறதென்றால், நல்லவனாகச் சிருஷ்டிக்கப்பட்ட ஆதாமின் இருதயத்தில் முதல் தீய சாய்வு எங்கிருந்து வந்தது? தேவன் பாவத்தை உண்டாக்கவில்லை, அனுமதித்தார் என்று எட்வர்ட்ஸ் பதில் சொல்லுகிறார். ஆனால் அந்தப் பதில் கேள்வியை ஒரு படி பின்னால் தள்ளுகிறதேயன்றி முடிப்பதில்லை.

ஆயினும் அன்பானவர்களே, முழங்காலில் நிற்கும்போது நம் இரு சாராருக்கும் இடையே உள்ள தூரம் குறைந்துவிடுகிறது. "ஆண்டவரே, என் மகனுக்கு ஒரு வாய்ப்பை மட்டும் கொடும், மற்றதை அவன் பார்த்துக்கொள்வான்" என்று எந்தத் தாயாவது ஜெபிக்கிறாளா? "அவன் மனதை மாற்றும்" என்றல்லவா ஜெபிக்கிறாள்! எசேக்கியேல் 36:26-இல் கல்லான இருதயத்தை எடுத்துப்போட்டு நவமான இருதயத்தைத் தருவேன் என்று வாக்குரைத்தவரிடத்தில், சித்தத்தின் வேரிலேயே கைவைக்கும்படி நாம் எல்லாரும் கேட்கிறோம்.

அந்த நூல் இந்தியாவுக்கு வந்த வழி

தெரிந்துகொள்ளுதலைப் பேசுகிற உபதேசம் சுவிசேஷ ஊழியத்தைக் கொன்றுவிடும் என்று நம்மில் சிலர் நினைக்கிறோம். சிலர் கையில் அப்படி ஆனதும் உண்மை. 18-ஆம் நூற்றாண்டு இங்கிலாந்தில் பல பாப்டிஸ்டு போதகர்கள், பாவிகளுக்கு விசுவாசிக்கத் திராணியில்லையே, ஆகவே எல்லாரையும் விசுவாசிக்கும்படி அழைப்பது முறையல்ல என்று எண்ணினார்கள். ஆண்ட்ரூ புல்லர் என்னும் போதகர், எட்வர்ட்ஸ் காட்டிய அந்த வேறுபாட்டைப் பற்றிக்கொண்டார். முடியாமையின் வேர் மனமின்மை என்றால், விசுவாசிப்பது எல்லாருடைய கடமை. எல்லாரையும் அழைப்பது நம்முடைய கடமை. இதை வலியுறுத்தி 1785-இல் ஒரு நூல் வெளியிட்டார். 1792 அக்டோபர் 2-ஆம் தேதி கெட்டரிங் ஊரில் பாப்டிஸ்டு மிஷனரி சங்கம் தோன்றியபோது அதன் செயலாளர் ஆனவர் இந்தப் புல்லரே. அந்தச் சங்கம் அனுப்பிய வில்லியம் கேரி 1793 நவம்பரில் கல்கத்தா வந்து இறங்கினார். அவர் 1805-இல் மராத்தி இலக்கணமும் 1810-இல் மராத்தி அகராதியும் வெளியிட்டார். 1811-இல் செராம்பூர் அச்சகத்திலிருந்து மராத்தி புதிய ஏற்பாடு வந்தது. நம்மைச் சுற்றிலும் பேசப்படுகிற இந்த மொழியில்தான்!

எட்வர்ட்ஸின் வீட்டில் 1747-இல் மரித்த வாலிப மிஷனரி டேவிட் பிரெய்னர்டின் சரித்திரத்தை எட்வர்ட்ஸ் 1749-இல் வெளியிட்டார். கேரியையும் ஹென்றி மார்ட்டினையும் அனலாக்கிய புத்தகங்களில் அது ஒன்று. மேலும், 1813 பிப்ரவரியில் பம்பாய்க்கு வந்து அமெரிக்க மராத்தி மிஷனைத் தொடங்கிய கோர்டன் ஹால் முதலானோர், எட்வர்ட்ஸின் சீடர்கள் பரப்பிய போதனைச் சூழலில் உருவானவர்கள். கோர்டன் ஹால் 1826-இல் நாசிக் பகுதியில் பயணம் செய்கையில் காலராவினால் மரித்தார். அதே அமெரிக்கச் சங்கம்தான் 1816-இல் யாழ்ப்பாணத்திலும் 1834-இல் மதுரையிலும் தமிழரிடையே ஊழியத்தைத் தொடங்கியது. "மனமில்லை என்பதே முடியாமை" என்ற அந்த ஒரு கருத்து, கைகட்டி உட்கார வைப்பதற்குப் பதிலாக மனிதரைக் கப்பலேற்றி அனுப்பிற்று.

நம் புனேக்கு அருகிலும் ஒரு சாட்சி உண்டு. பண்டித ரமாபாய் அம்மையார் சமஸ்கிருத நூல்களைக் கற்றுத் தேர்ந்தவர். 1883-இல் இங்கிலாந்தில் ஞானஸ்நானம் பெற்றார். ஆயினும் எட்டு ஆண்டுகளுக்குப் பின், புனேயில் சாரதா சதனத்தை நடத்திக்கொண்டிருந்த காலத்தில், கிறிஸ்தவ மார்க்கத்தைக் கண்டேனேயன்றிக் கிறிஸ்துவைக் காணவில்லை என்று உணர்ந்து, தம்மை முழுவதும் அவரிடம் ஒப்புவித்தார். அவர் கால்வினியர் அல்ல. ஆனால் அறிவும் முயற்சியும் கொண்டுபோகாத இடத்துக்குக் கிருபை கொண்டுபோயிற்று என்பதே அவர் சாட்சியின் சாரம். 1905-இல் கேட்காவ்னில் உள்ள அவருடைய முக்தி மிஷனில் உண்டான எழுப்புதல் உலக பெந்தெகொஸ்தே சரித்திரத்தில் இடம்பெற்றிருக்கிறது.

அந்த வீட்டுக்கு நான் சொன்னது

சில வாரங்கள் கழித்து அந்த வீட்டுக்குப் போனேன். இளையவனோடு மாடியில் உட்கார்ந்து பேசினேன். "தம்பி, உனக்குப் பிரியமான எட்வர்ட்ஸ், தேவன் முடிவை மட்டும் குறித்தார், வழியைக் குறிக்கவில்லை என்று சொல்லவே இல்லை. உன் அம்மாவின் வெள்ளிக்கிழமை உபவாசமும் தேவன் உபயோகிக்கிற வழிகளில் ஒன்றாக ஏன் இருக்கக்கூடாது? தெரிந்துகொள்ளப்பட்டவர்களின் பட்டியல் உன்னிடமும் இல்லை, என்னிடமும் இல்லை. இந்த உபதேசம் பெருமையடிக்கிறவனைத் தாழ்த்தக் கொடுக்கப்பட்டது, அழுகிறவளை அடிக்கக் கொடுக்கப்படவில்லை" என்றேன். அவன் நெடுநேரம் பேசாதிருந்தான். பின்பு இறங்கிப்போய் அம்மாவின் பக்கத்தில் உட்கார்ந்தான்.

மூத்தவனிடம் பேசுவது கடினமாயிருந்தது. குடிகாரனுடைய முடியாமையை எட்வர்ட்ஸ் ஒழுக்கம் சார்ந்த முடியாமைக்கு உதாரணமாகவே எழுதினார். ஆனால் இன்றைய மருத்துவம் இன்னொன்றையும் காட்டியிருக்கிறது. நீண்டகாலம் மிகுதியாய்க் குடித்தவன் திடீரென்று நிறுத்தினால் கைகால் நடுக்கமும், வலிப்பும், சித்தப்பிரமையும் வரக்கூடும், உயிருக்கே ஆபத்தாகலாம். அது பாசாங்கு அல்ல, சரீரத்தில் விழுந்த மெய்யான சங்கிலி. எட்வர்ட்ஸின் இரண்டு கைதிகளும் ஒரே ஆளுக்குள் இருக்கிறார்கள் என்று எனக்குத் தோன்றியது.

ஆகவே அவனிடம், "மகனே, உன் சரீரத்தில் கட்டியிருக்கிற சங்கிலிக்கு மருத்துவர் இருக்கிறார். உன் மனதில் இருக்கிற சங்கிலிக்கு இயேசு இருக்கிறார். முடியாது என்று நீ சொல்லுவதில் பாதி உண்மை. அந்தப் பாதிக்கு உன்னை நான் குற்றப்படுத்தமாட்டேன். மறு பாதியை நீதான் ஆண்டவரிடம் ஒப்புக்கொள்ளவேண்டும். 'எனக்கு மனமில்லை' என்பதையே ஜெபமாகச் சொல். அதையும் அவர் கேட்பார்" என்றேன்.

அவன் அன்று ஒன்றும் சொல்லவில்லை. ஒரு மாதம் கழித்து அவனே கேட்டான், "ஐயா, அந்த ஆஸ்பத்திரிக்கு நீங்களும் கூட வருவீர்களா?" புனேயில் 1986 முதல் நடந்துவரும் முக்தாங்கண் போதை மறுவாழ்வு மையத்தில் அவனைச் சேர்த்தோம். வெளியே வந்தபின் ஒருமுறை விழுந்தான், திரும்ப எழுந்தான். இதை எழுதுகிற நாளில் அவன் குடியை விட்டு ஏழு மாதங்கள் ஆகின்றன. இனி விழமாட்டான் என்று நான் உறுதி சொல்ல முடியாது. அந்தத் தாயார் இன்னும் வெள்ளிக்கிழமைகளில் உபவாசிக்கிறார்கள். இப்போது இளையவனும் கூட இருக்கிறான்.

அறிந்தவரும் அறியாததும்

எட்வர்ட்ஸைக் குறித்து ஒரு கசப்பான உண்மையையும் மறைக்கக்கூடாது. மனித இருதயத்தின் வஞ்சகத்தை இவ்வளவு ஆழமாக அறிந்த அவர், 1731-இல் ஓர் ஆப்பிரிக்கப் பெண்பிள்ளையை அடிமையாக விலைகொடுத்து வாங்கினார். அதன்பின்னும் அவர் வீட்டில் அடிமைகள் இருந்தார்கள். விருப்பம் எப்படிக் கண்ணை மறைக்கும் என்பதை எழுதியவருடைய கண்ணையே அது மறைத்திருந்தது. அவருடைய மாணவர் சாமுவேல் ஹாப்கின்ஸும், அவர் பெயரையே கொண்ட மகனும் பிற்காலத்தில் அடிமைத்தனத்தை எதிர்த்து எழுதினார்கள். நம்முடைய இருதயத்தில் நமக்குத் தெரியாத கட்டுகள் எவையெவை உண்டோ! சாதியைக் கேட்டுப் பெண் கொடுக்கிறோமே, வரதட்சணையை "ஆசீர்வாதம்" என்று பெயர் மாற்றி வாங்குகிறோமே, இவற்றை விட நமக்கு முடியவில்லையா, மனமில்லையா?

1758-ஆம் ஆண்டின் தொடக்கத்தில் எட்வர்ட்ஸ் பிரின்ஸ்டன் கல்லூரியின் தலைவராகப் பொறுப்பேற்றார். அப்போது பெரியம்மை பரவிக்கொண்டிருந்தது. அக்கால முறைப்படி தடுப்பு ஏற்றிக்கொண்டார்; அதன் விளைவாகவே நோய் கண்டு, மார்ச் 22-ஆம் தேதி, தமது 54-ஆம் வயதில் மரித்தார். எல்லாம் தேவ சித்தப்படியே நடக்கும் என்று உலகத்திலேயே மிக உறுதியாய் எழுதிய மனிதர், "அம்மை வந்தால் வரட்டும், தேவன் குறித்தபடி ஆகட்டும்" என்று கைகட்டி உட்காரவில்லை. செய்யவேண்டியதைச் செய்தார், முடிவைத் தேவனிடம் விட்டார். பிலிப்பியர் 2:12-13-இல் பவுல் சொல்லுவதும் இதுதான். நடுக்கத்தோடு உங்கள் இரட்சிப்பு நிறைவேறப் பிரயாசப்படுங்கள், ஏனெனில் விருப்பத்தையும் செய்கையையும் உங்களுக்குள் உண்டாக்குகிறவர் தேவனே என்கிறார். "ஆனாலும்" என்று இரண்டையும் மோதவிடாமல், "ஏனெனில்" என்று ஒன்றின்மேல் ஒன்றைக் கட்டுகிறார்.

பிரியமானவர்களே, அதே பிலிப்பி பட்டணத்தில் லீதியாள் என்ற ஒரு பெண் இருந்தாள். அவளும் நம்மைப்போலப் பிழைப்புக்காக வேறு ஊரிலிருந்து வந்தவள். தியத்தீரா ஊராள், இரத்தாம்பரம் விற்கிறவள். அப்போஸ்தலர் 16:14 சொல்லுகிறபடி, அவள் கேட்டுக்கொண்டிருந்தாள், கர்த்தர் அவள் இருதயத்தைத் திறந்தார், அவள் கவனித்தாள். பவுல் பேசினார். யாருடைய பங்கு எவ்வளவு என்று அங்கே ஒருவரும் கணக்குப் பார்க்கவில்லை. அடுத்த வசனத்தில் அவள் தன் வீட்டின் கதவைத் திறந்தாள்.

உங்கள் வீட்டில் யாருக்காவது நீங்கள் நெடுங்காலமாய் ஜெபித்துக் களைத்திருந்தால், களைப்படையாதிருங்கள். அவனிடம் பேசவேண்டியதைப் பேசுங்கள்; அழைத்துச் செல்லவேண்டிய இடத்துக்கு அழைத்துச் செல்லுங்கள்; ஜெபத்தை விடாதிருங்கள். உங்களுக்கே மனமில்லாத காரியம் ஏதேனும் இருந்தால், அதை "முடியவில்லை" என்ற பெயரில் மறைக்காமல், உள்ளபடியே கர்த்தரிடத்தில் கொண்டுபோங்கள். இருதயங்களைத் திறக்கிறவர் அவரே. அவருக்கே மகிமை உண்டாவதாக. ஆமென்.